பிடியரிசிப் படை

புக்கிட் ரோத்தான்

கோலாலம்பூரிலிருந்து வடமேற்கே வந்து ஈஜோக்கைத் தாண்டினால் சாலையின் இரண்டு பக்கமும் செம்பனைதான். ஒரு காலத்தில் பால்மரம், அதாவது ரப்பர், நின்ற மண். காவிரிக் கரையில், எங்கள் முசிறிப் பக்கம், வாழைத் தோட்டத்துக்குள் நுழைந்தால் காற்று இலையைக் கிழிக்கும் சத்தம் விடாமல் கேட்கும். செம்பனைக்குள் அந்தச் சலசலப்பு இல்லை. நடுப்பகலிலும் ஒரு மங்கல். அறுத்துப் போட்ட குலைகள் ஆரஞ்சும் கறுப்புமாகச் சாலையோரம் குவிந்து லாரிக்குக் காத்துக் கிடக்கின்றன.

புக்கிட் ரோத்தானில் ஒரு சாப்பாட்டுக் கடை முன்னால் வண்டியை நிறுத்தினோம். "பசியாறிட்டீங்களா?" என்றார் கடைக்கார அக்கா. காலைச் சாப்பாட்டுக்கு மலேசியத் தமிழர் வைத்திருக்கும் சொல் அது. எங்கள் ஊரில் பாட்டிமாரோடு போய்விட்ட சொல், இங்கே தினமும் அடுப்புக்கும் கல்லாவுக்கும் நடுவே புழங்குகிறது. ரொட்டி சானாயும் பருப்பும் வந்தன. ஓரத்தில் ஒரு கரண்டி சம்பல்.

"ஊர்லேர்ந்தா வந்திருக்கீங்க?" என்று கேட்டார். ஊர் என்றால் தமிழ்நாடு. மூன்று தலைமுறை ஆகியும் அந்தச் சொல் இடம் மாறவில்லை. எதற்கு வந்திருக்கிறேன் என்று சொன்னேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு எதிர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

நான் வந்தது ஒரு மனிதரின் பேச்சைத் தேடி. என் சிறுவயதில் எங்கள் தெருவில் ஒருவர் இருந்தார். மலேயா தாத்தா என்போம். பால் வெட்டப் போய், நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்து, பர்மாவரை நடந்து, எலும்பும் தோலுமாகத் திரும்பியவர். ஆகஸ்ட் 15 அன்று காக்கிச் சட்டையை மாட்டிக்கொண்டு பள்ளிக்கூடத்துக் கொடிமரத்தடியில் வந்து நிற்பார். நாங்கள் துப்பாக்கியைப் பற்றிக் கேட்போம். "சண்டையைக் கேக்காதீங்கடா. சோறு எங்கேர்ந்து வந்துச்சுன்னு கேளுங்க" என்பார். நாங்கள் கேட்கவில்லை. கேட்கும் வயது வந்தபோது அவர் இல்லை.

அக்காவின் மாமனார் உள்ளேயிருந்து வந்தார். பால்வெட்டுக்காரராக இருந்து ஓய்வு பெற்றவர். 1941 கிள்ளான் வேலைநிறுத்தத்தைப் பற்றி அவருடைய தகப்பனார் சொன்னதை எல்லாம் மனதில் வைத்திருந்தார். அந்த ஆண்டு கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் தொடங்கிய போராட்டம் சிலாங்கூரின் மற்றத் தோட்டங்களுக்கும் பரவியது. தமிழ் நேசன் பத்திரிகையில் பணியாற்றிய ஆர்.எச். நாதன் அதன் முகமாக இருந்தார். சீனத் தொழிலாளிக்குக் கொடுக்கிற கூலியை எங்களுக்கும் கொடு, கள்ளுக்கடையை மூடு, பிள்ளைகளுக்கு ஒழுங்கான பள்ளிக்கூடம் வை என்று கேட்டார்கள். இன்னொன்றும் கேட்டார்கள். எதிரே துரை வந்தால் சைக்கிளிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்கிற கட்டாயம் ஒழிய வேண்டும். அரசாங்கம் நாதனைக் கைது செய்து நாடு கடத்தியது. படை வந்தது, துப்பாக்கிச் சூடு நடந்தது, தொழிலாளர்கள் செத்தார்கள்.

"எங்கப்பா சைக்கிள் வாங்கவே இல்லை தம்பி. இறங்கி நிக்கிறதுக்கு நடந்தே போயிடலாம்பாரு" என்றார் அவர்.

இரண்டே ஆண்டுகள் கழித்து, அதே மனிதர்களிடம் ஒருவர் வந்து, உங்களுக்கென்று ஓர் அரசு இருக்கிறது, ஒரு படை இருக்கிறது, அதை நீங்கள்தான் தாங்க வேண்டும் என்று சொன்னால் அது எப்படிக் காதில் விழுந்திருக்கும்? கோல சிலாங்கூர் போய்ச் சேரும்வரை இதையே நினைத்துக்கொண்டு வந்தேன்.

கோல சிலாங்கூர், மெலாவத்தி மேடு

மேடு என்றுதான் சொல்ல வேண்டும், மலை என்று சொல்லும் உயரம் இல்லை. மேலே கலங்கரை விளக்கம், மரத்தடியில் பழைய பீரங்கிகள், எங்கு பார்த்தாலும் கருஞ்சாம்பல் நிற லூத்தோங் குரங்குகள். குட்டிகள் மட்டும் பொன்னிறம். தாய் குட்டியை வயிற்றில் ஒட்டவைத்துக்கொண்டு பீரங்கிமேல் உட்கார்ந்திருந்தது. கீழே சிலாங்கூர் ஆறு சேற்று நிறத்தில் வளைந்து மலாக்கா நீரிணையில் கலக்கிறது.

ஆற்று முகத்தைப் பிடித்தவன் நாட்டைப் பிடித்தான் என்பது இந்த மேட்டில் நின்றால் தானாகப் புரியும். உள்நாட்டிலிருந்து இறங்கும் ஈயம் இந்த முகத்துவாரத்தைத் தாண்டித்தான் போக வேண்டும். தாண்டும்போது வரி. அந்த வரிதான் படைக்குச் சோறு. 1784-இல் டச்சுக்காரர்கள் இந்த மேட்டைப் பிடித்து, தங்கள் தலைமை ஆளுநர் ஆல்டிங்கின் பெயரைக் கோட்டைக்கு வைத்தார்கள். அடுத்த ஆண்டே சுல்தான் இப்ராகிம் திரும்பப் பிடித்தார். 1867-இல் மூண்ட சிலாங்கூர் உள்நாட்டுப் போரிலும் ராஜா மஹ்டியும் தெங்கு குடினும் கிள்ளான், கோல சிலாங்கூர் என்று ஆற்று முகங்களுக்காகவே மோதினார்கள். ஈயம் நின்றால் கூலிப்படை நின்றுவிடும்.

1942 ஜனவரி தொடக்கத்தில் ஜப்பானியப் படகுகள் இந்தக் கரையை நோக்கி வந்தன. எதிர்த்து நின்ற பிரிட்டிஷ் படையில் இந்தியச் சிப்பாய்கள் பெருந்தொகை. ஜனவரி 11 அன்று கோலாலம்பூர் விழுந்தது. பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர். இரண்டு நாள் கழித்து ஃபாரர் பார்க் திடலில், வெள்ளை அதிகாரிகள் தங்கள் இந்தியச் சிப்பாய்களை ஜப்பானியரிடம் ஒப்படைத்துவிட்டுப் போனார்கள். அங்கேதான் கேப்டன் மோகன் சிங் முதல் இந்திய தேசிய ராணுவத்துக்கு அழைப்பு விடுத்தார். அந்த ஆண்டு முடிவதற்குள் ஜப்பானியரோடு முரண்பட்டு அது கலைந்தது.

1943 ஜூலை 2 அன்று நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூரில் வந்து இறங்கினார். ஒரே வாரத்தில், ஜூலை 9 அன்று, பெருங்கூட்டத்தில் கணக்கை வெளிப்படையாகச் சொன்னார். மூன்று லட்சம் வீரர், மூன்று கோடி டாலர். கிழக்காசிய இந்தியர் மொத்தமும் தங்களிடம் உள்ள ஆளையும் பொருளையும் கொண்டு வந்து கொட்ட வேண்டும் என்றார். அக்டோபர் 21-இல் சுதந்திர இந்தியத் தற்காலிக அரசு அறிவிக்கப்பட்டது. 1944 ஏப்ரலில் ரங்கூனில் ஆசாத் ஹிந்த் வங்கி திறந்தது.

ஜப்பான் ஆயுதம் கொடுத்தது. பெரும்பாலும் பிரிட்டிஷாரிடம் பறித்த பழைய ஆயுதம். ஆனால் தன் படையின் செலவுக்கு முழுக்க ஜப்பானின் கையை எதிர்பார்த்தால் தன் அரசு பொம்மை அரசாகிவிடும் என்று போஸுக்குத் தெரியும். அதனால்தான் அவ்வளவு அழுத்திப் பணம் கேட்டார். வணிகர்கள் தயங்கியபோது, போர்க்காலத்தில் உங்கள் உடைமை உங்களுடையது என்று சொல்லிக்கொள்ள முடியாது என்று நேருக்கு நேர் கடிந்தார். ரங்கூன் வணிகர் ஹபீப் தன் சொத்தையெல்லாம் எழுதிக் கொடுத்தது சரித்திரத்தில் இருக்கிறது. கோலாலம்பூர்க் கூட்டத்தில் வசதியான வீட்டுப் பெண்ணான ஜானகி தன் காதணிகளைக் கழற்றிக் கொடுத்ததும் இருக்கிறது. அவர் பின்னாளில் பெண்கள் படையான ஜான்சி ராணிப் படையின் தளபதிகளில் ஒருவராகி, ஜானகி ஆதி நாகப்பனாக மலேசிய அரசியலிலும் மேலவையிலும் இடம் பெற்றார். அவருக்கு அந்தப் பெருமை முழுக்கத் தகும்.

ஆனால் மலாயா இந்தியரில் பெரும்பகுதி இந்த மேட்டுக்குப் பின்னால் விரிந்து கிடந்தது போன்ற தோட்டங்களில் இருந்தார்கள். அவர்கள் கொடுத்தது எந்தப் பட்டியலில்?

கம்போங் குவாந்தான்

மின்மினி பார்க்க இருட்ட வேண்டும். படகுத்துறையில் காத்திருந்தோம். அவித்த மரவள்ளிக்கிழங்கும் சம்பலும் விற்றார்கள். வாங்கி மடியில் வைத்துக்கொண்டேன். எங்கள் படகோட்டி மலாய்க்காரப் பெரியவர். கிழங்கைப் பார்த்துச் சிரித்து, "ஜமான் ஜெப்புன்" என்றார். ஜப்பான் காலம். தன் தாத்தா வாழ்நாள் முழுக்க இந்தக் கிழங்கைத் தொட மறுத்தார் என்றார்.

படைக்கு யார் கொடுத்தார்கள் என்று யோசித்தபடி காத்திருந்தபோது எனக்கு அமெரிக்காவின் நினைவு வந்தது. பிரிட்டனை எதிர்த்துப் போராடிய அந்தப் பதின்மூன்று குடியேற்றங்களின் பேரவைக்கு வரி விதிக்கும் அதிகாரமே இல்லை. காகித நோட்டை அச்சடித்து வீரருக்குச் சம்பளம் கொடுத்தார்கள். 1777-78 குளிர்காலத்தில் வாலி ஃபோர்ஜ் முகாமில் வாஷிங்டனின் ஆட்கள் செருப்பில்லாமல், துணியில்லாமல் கிடந்தார்கள். 1780-இல் அந்த நோட்டு நாற்பதுக்கு வெள்ளி ஒன்றுதான் என்று பேரவையே ஒத்துக்கொண்டது. அதே ஆண்டு ஃபிலடெல்ஃபியா நகரப் பெண்கள் எஸ்தர் ரீட் தலைமையில் வீடு வீடாகப் போய் மூன்று லட்சம் காகித டாலர் திரட்டினார்கள். வீரர் கையில் காசாகவே கொடுக்க நினைத்தார்கள். வாஷிங்டன் சட்டை வேண்டும் என்றார். இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட சட்டைகள் தைத்து அனுப்பினார்கள். ஒவ்வொரு சட்டையிலும் அதைத் தைத்த பெண்ணின் பெயர்.

மலாயாவிலும் காகிதம் காகிதமாகவே போயிற்று. ஜப்பானியரின் பத்து டாலர் நோட்டில் வாழைமரம் இருக்கும். வாழைமர நோட்டு. தொடர் எண்கூட இல்லாமல் அடித்துத் தள்ளிய நோட்டுகள் ஏராளம். அதைக் கொண்டு சயாமிலும் பர்மாவிலும் எதை வாங்குவது? அதனால்தான் பொன் வேண்டியிருந்தது. ஒரு குன்றிமணிப் பொன் எந்த நாட்டிலும் பொன். போஸ் பெண்களைப் பார்த்து நகையைக் கேட்டதற்குப் பின்னால் உணர்ச்சி மட்டும் இல்லை, இந்தக் கணக்கும் இருந்தது.

இருட்டியது. துடுப்புப் படகு ஓசையில்லாமல் கரையோரம் ஒண்டியது. பெரெம்பாங் மரங்கள் நிறைய மின்மினி. எங்கள் ஊர் மின்மினி தனக்குத் தோன்றியபோது மினுக்கும், தோன்றாவிட்டால் அணையும். இவை அத்தனையும் சேர்ந்து ஒரே நொடியில் எரிந்து ஒரே நொடியில் அணைகின்றன, மரமே மூச்சு விடுவதுபோல. படகில் யாரும் பேசவில்லை.

பத்தாங் பெர்ஜுந்தை

2007-இல் பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாற்றிவிட்டார்கள். தமிழர்கள் இன்னும் பத்தாங் என்றுதான் சொல்கிறார்கள். இந்த வட்டாரத்தில்தான் தென்னமரம் தோட்டம். பெயரைப் படித்ததும் நம் தென்னைமரம் என்று தெரிந்துவிடும். மலாயாவில் வணிக முறையில் முதன்முதல் செம்பனை பயிரிட்ட இடம் அது, 1917-இல், பிரெஞ்சுக்காரர் ஆன்ரி ஃபோகொனியே காலத்தில். தமிழ்த் தொழிலாளர்களோடு பழகிய அவர் 1930-இல் மலாயாவை வைத்து எழுதிய நாவலுக்கு பிரான்சின் கோன்கூர் பரிசு கிடைத்தது. இன்று நாடு முழுவதும் பரவியிருக்கும் செம்பனைக்கு ஒரு தமிழ்ப் பெயருள்ள தோட்டத்தில் வேர் இருப்பது எனக்குப் பெரிய விஷயமாகப் பட்டது.

புக்கிட் ரோத்தான் அக்கா சொல்லியனுப்பிய வீடு ஒரு தாமானில் இருந்தது. தோட்டத்து லயங்கள் ஒவ்வொன்றாகக் காலியானபோது மக்கள் வந்து குடியேறிய வரிசை வீடுகள். வாசலில் துளசி, கறிவேப்பிலை, மோட்டார் சைக்கிள். பாட்டிக்குத் தொண்ணூற்றிரண்டு வயது. கண்ணில் புரை, காதும் நினைவும் கூர்மை.

"முசிறியா? எங்காத்தா தொட்டியம்" என்றார். என் கையைப் பிடித்து வைத்துக்கொண்டார். அதன் பிறகு ஒரு மணி நேரம் விடவில்லை.

ஜப்பான் காலத்தில் அவருக்குப் பதினோரு வயது. தோட்டத்தில் பால் வாங்க ஆளில்லை. கப்பல் வராது, அரிசி வராது. பால்மரத்துக்கு நடுவே மரவள்ளி ஊன்றினார்கள். துணி கிடையாது, சாக்கைக் கிழித்துக் கட்டிக்கொண்டவர்கள் உண்டு. 1943-இல் அப்பாவை சயாம் ரயில் பாதை போட லாரியில் ஏற்றினார்கள். மூன்று மாதத்தில் விட்டுவிடுவோம் என்றார்கள். 415 கிலோமீட்டர் அந்தத் தண்டவாளம். காலராவும் மலேரியாவும் பட்டினியும் சேர்ந்து பல்லாயிரம் ஆசியத் தொழிலாளர்களை அங்கே விழுங்கின. மலாயாவிலிருந்து போனவர்களில் பெருந்தொகை தமிழர்.

"வரலை" என்றார் பாட்டி. அவ்வளவுதான்.

அடுத்து அண்ணனைக் கூப்பிடுவார்கள் என்று அம்மாவுக்குப் பயம். அண்ணனுக்குப் பதினேழு. நேதாஜி படையில் சேர்ந்தால் ரயிலுக்குக் கொண்டுபோக மாட்டார்கள் என்று பேச்சு. சேர்ந்தான். இதை நான் மறைத்து எழுத விரும்பவில்லை. உயிருக்குப் பயந்தும் சேர்ந்தார்கள். பசிக்காகவும் சேர்ந்தார்கள். அப்படிச் சேர்ந்தவர்களே முகாமில் தோளில் துப்பாக்கி வைத்து, முன்பு சைக்கிளைவிட்டு இறங்க வைத்தவனோடு சரிக்குச் சரி நிற்கப் போகிறோம் என்று நிமிர்ந்தார்கள். இரண்டும் ஒரே நெஞ்சில் இருந்தன. ஜான்சி ராணிப் படையிலும் தோட்டத்துப் பெண்கள்தான் பெரும்பாலோர்.

"அண்ணன் முகாமுக்குப் போய் ஒரு மாசம் இருக்கும். சாயங்காலம் கோயில் தெடல்ல கூட்டம். கிராணி வந்தாரு, சங்கத்துக்காரங்க ரெண்டு பேரு வந்தாங்க. நேதாஜி படத்துக்கு மாலை போட்டிருந்துச்சு. நம்ம புள்ளைங்க சண்டைக்குப் போகுது, வெறும் வயித்தோட அனுப்பலாமான்னு கேட்டாங்க. பொம்பளைங்கல்லாம் அழுதாங்க."

"அம்மா?"

"அம்மா அழுவலை. வீட்டுக்குப் போய் எண்ணெய் எடுத்தாந்தாங்க."

அம்மாவின் காதில் தண்டட்டி. தொட்டியத்திலிருந்து புறப்பட்டுக் கப்பல் ஏறும்போது தாய் போட்டு அனுப்பியது. வருஷக்கணக்கில் கழற்றாதது, திருகு இறுகிப்போயிருந்தது. தேங்காயெண்ணெய் விட்டு, சேலைத் தலைப்பால் பிடித்து, ஒருத்தி தலையைப் பிடிக்க இன்னொருத்தி திருக, வலது காதில் ரத்தம் வந்ததாம். எண்ணெயும் ரத்தமுமாக அப்படியே, நேதாஜி படைக்குப் பொருள் திரட்டிய சங்கத்துக்காரர் கையில் வைத்தார்கள். அவர் ஒரு நோட்டில் எழுதி, சீட்டுக் கிழித்துக் கொடுத்தார்.

"அந்தச் சீட்டு இருக்கா பாட்டி?"

"கூரையில செருகி வச்சிருந்தாங்க. வெள்ளைக்காரன் திரும்பி வந்ததும் அடுப்புல போட்டுட்டாங்க. நேதாஜிக்குக் குடுத்தவங்களைப் புடிச்சுட்டுப் போறான்னு யாரோ சொன்னாங்க."

எத்தனை லயத்துக் கூரைகளிலிருந்து எத்தனை சீட்டுகள் அந்த ஆண்டு அடுப்புக்குப் போயிருக்கும்! ஃபிலடெல்ஃபியாவின் சட்டைகளில் பெயர் இருந்தது. ஜெயித்த படை, பெயரை மறைக்க வேண்டிய அவசியம் அந்தப் பெண்களுக்கு வரவில்லை. தொட்டியத்துப் பெண் தன் பெயர் எழுதிய ஒரே காகிதத்தைத் தன் கையாலேயே எரித்தார். சிங்கப்பூரில் போஸ் 1945 ஜூலையில் அடிக்கல் நாட்டிய வீரர் நினைவுச் சின்னத்தையே, திரும்பி வந்த பிரிட்டிஷ் படை செப்டம்பரில் வெடிவைத்துத் தகர்த்தது. ஒரு தோட்டத்துத் தாய் பயந்ததில் வியப்பென்ன.

பாட்டி தன் காதைத் தொட்டுக் காட்டினார். "அம்மா காது தோள்வரைக்கும் தொங்கும், வெறுங்காது. ராத்திரி அம்மா பக்கத்துல படுத்தா அந்த ஓட்டைக்குள்ள விரலை விட்டுக்கிட்டுத்தான் தூங்குவேன். முந்தி கனமா இருந்தது லேசாப் போச்சு. சாகிறவரைக்கும் வேற எதுவும் போட்டுக்கலை."

1945 ஆகஸ்ட் 18 அன்று தைப்பேயில் போஸ் ஏறிய விமானம் விழுந்து எரிந்தது. அவரோடு நகைப்பெட்டிகளும் போயின. கருகி உருகிய பொன்னையும் மணியையும் அங்கே பொறுக்கி எடுத்துச் சேர்த்தார்கள். 1950-களின் தொடக்கத்தில் டோக்கியோ வழியாக டில்லிக்கு அது வந்து சேர்ந்தது. அந்தக் கட்டிகளுக்குள் தண்டட்டி எது, தோடு எது, மூக்குத்தி எது என்று இனி எந்தத் தட்டானாலும் பிரிக்க முடியாது.

பாட்டியிடம் இதைச் சொல்லலாமா என்று தயங்கினேன். சொல்லவில்லை.

அண்ணன் திரும்பி வந்தார். அதே தோட்டத்தில் பால் வெட்டினார். படையைப் பற்றிப் பேச மாட்டார். இலையில் ஒரு பருக்கை கீழே விழுந்தாலும் பொறுக்கி வாயில் போட்டுக்கொள்வார், வீட்டுக்கு யார் வந்திருந்தாலும்.

செகிஞ்சான்

தஞ்சோங் காராங்கைத் தாண்டியதும் செம்பனை சட்டென்று விலகி வானம் திறக்கிறது. நெல். கண்ணுக்கெட்டிய மட்டும் ஒரே மட்டத்தில் நெல். பெர்ணம் ஆற்றுத் தண்ணீரை வாய்க்கால் வெட்டிக் கொண்டுவந்து பாய்ச்சும் வயல்கள். காவிரிப் பாசனத்தில் பிறந்தவனுக்கு வரப்பைக் கண்டால் கால் தானாக இறங்கிவிடுகிறது. எங்கள் வயல் கோணலும் மாணலுமாகப் பாகப்பிரிவினையின் கதையைச் சொல்லும். இங்கே அளவுகோல் வைத்துக் கிழித்த கட்டங்கள். மண் வாசம் மட்டும் ஒன்று.

கடலோரம் சீனர் நடத்தும் கடையில் நண்டும் மீனும் சாப்பிட்டோம். ஜப்பான் காலம் என்று பேச்செடுத்ததும் கல்லாவில் இருந்த முதியவர் ஐந்து விரலையும் விரித்துக் காட்டினார். 1942-இல் மலாயா, சிங்கப்பூர்ச் சீனரிடம் ஜப்பானிய ராணுவம் கட்டாயமாகக் கேட்ட ஐந்து கோடி டாலர். அவர் வீட்டிலும் ஏதோ ஒன்றை விற்றிருக்கிறார்கள்.

போருக்கு முன் மலாயா தன் அரிசியில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கை பர்மாவிலிருந்தும் சயாமிலிருந்தும் வாங்கியது. கப்பல் நின்றதும் தோட்டங்கள் பட்டினி. அந்தப் பட்டினியிலிருந்து திரட்டிய பொருளில்தான் படை பர்மாவுக்குப் போனது. ஆனால் ரங்கூனில் பொன் இருந்ததே தவிர, எல்லைக்கு அரிசி கொண்டுபோக லாரி இல்லை. போக்குவரத்து முழுக்க ஜப்பானியர் கையில். அவர்களுடைய தளபதி முத்தாகுச்சியோ மூன்று வாரச் சாப்பாட்டோடு கிளம்பி, இம்பாலைப் பிடித்து பிரிட்டிஷ் கிடங்கில் சாப்பிட்டுக்கொள்ளலாம் என்று கணக்குப் போட்டிருந்தார். 1944 மார்ச்சில் தொடங்கிய படையெடுப்பு ஜூலையில் மழையிலும் சேற்றிலும் நொறுங்கியது. இந்திய தேசிய ராணுவத்தில் கியானியின் டிவிஷனும் ஷா நவாஸ் கானின் படைப்பிரிவும் பலேல், சின் மலைப் பக்கங்களில் காட்டுக் கீரையையும், மலைவாசிகளிடம் கிடைத்த நெல்லையும் தின்று நின்றன. குண்டில் செத்தவர்களைவிட நோயிலும் பசியிலும் செத்தவர்கள் அதிகம்.

ஏன் இப்படி ஆயிற்று என்று போஸ்மேல் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. அந்த எல்லைக்கு ஆளை அனுப்பும் முன் வண்டியை உறுதி செய்திருக்க வேண்டும். ரத்தம் வர வர ஒரு தாய் திருகிக் கொடுத்தது ரங்கூன் வங்கியில் பத்திரமாக இருந்த வேளையில், பிள்ளைகள் மலையில் புல்லை வேகவைத்துக்கொண்டிருந்தார்கள். மலேயா தாத்தா சோற்றைக் கேட்கச் சொன்னது இதற்காகத்தானோ என்று வரப்பில் நின்றபோது தோன்றியது.

கடைத்தெருவில் செகிஞ்சான் அரிசி ஐந்து கிலோ வாங்கினேன். சபாக் பெர்ணம் போவதாக இருந்தோம். போகவில்லை. வண்டியைத் திருப்பச் சொன்னேன்.

மறுபடியும் பத்தாங்

பாட்டி பையை மோந்து பார்த்தார். "புது அரிசி" என்றார். சாப்பிடாமல் போகக்கூடாது என்று உட்கார வைத்துவிட்டார். பேத்தி வெங்காயம் அரிந்துகொண்டிருந்தாள்.

பாட்டியே எழுந்து அடுப்படிக்குப் போனார். தடவித் தடவி உழக்கை எடுத்து நாலு உழக்கு அரிசி அளந்து பானையில் போட்டார். பிறகு பானைக்குள் கைவிட்டு ஒரு பிடி அள்ளி, அலமாரிக் கீழ்த்தட்டில் இருந்த பழைய பிஸ்கட் டின்னில் போட்டு மூடினார்.

நான் பேத்தியைப் பார்த்தேன். "தினமும் அப்படித்தான் செய்வாங்க அங்கிள். டின் ரொம்பினா கோயிலுக்குக் குடுப்போம்" என்றாள்.

"அண்ணன் போனதுலேர்ந்து அம்மா எடுத்து வைப்பாங்க" என்றார் பாட்டி. "ரேசன்ல கெடைக்கிறதே ரெண்டு பிடி. அதுலயும் ஒரு பிடி சங்கத்துக்குன்னு டின்னுக்குப் போயிடும். நான் கிழங்கைத் தின்னுட்டு அந்த டின்னையே பாத்துக்கிட்டிருப்பேன். அம்மாமேல அப்படி ஒரு கோவம் வரும் தம்பி. ஒருநாள் திருடித் தின்னேன். பச்சையா. அம்மா பார்த்துட்டாங்க."

"அடிச்சாங்களா?"

"இல்ல. என்னை மடியில போட்டுக்கிட்டு, நீ தின்னது உங்கண்ணன் வயித்துலேர்ந்து போச்சேன்னாங்க."

அரிசியைக் களைந்த தண்ணீரைத் துளசிக்கு ஊற்றச் சொல்லிப் பேத்தியிடம் கொடுத்தார். பானை அடுப்பில் ஏறியது. வெந்ததும் முதல் கரண்டிச் சோற்றை என் தட்டில் வைத்துவிட்டு, நான் எடுத்து வாயில் வைக்கிற சத்தத்துக்காகத் தலையைச் சாய்த்துக் காத்திருந்தார்.